கதேயின் ஊர்களில் ஒரு வாரம்

சனி, பிராங்க்பர்ட்

காலையிலேயே விமானம் இறங்கிவிட்டது. தங்கும் இடத்தில் பையைப் போட்டுவிட்டு நேராகக் கிளம்பிவிட்டேன். பிராங்க்பர்ட் வங்கிகளின் ஊர். அந்தக் கண்ணாடிக் கோபுரங்களிலிருந்து கொஞ்ச தூரத்தில் குரோசர் ஹிர்ஷ்கிராபன் என்றொரு தெரு. அதில் 23-ஆம் எண் வீடு. ஜெர்மன் கவிஞர் யோகான் வுல்ஃப்காங் கதே 1749 ஆகஸ்ட் 28 அன்று, நண்பகல் மணி பன்னிரண்டு அடிக்கும்போது இங்கேதான் பிறந்தார். அந்த மணிக்கணக்கு அவரே தன் சுயசரிதையைத் தொடங்கும்போது சொல்வது.

ஒரு கேள்வியோடுதான் இந்தப் பயணம் வந்திருக்கிறேன், அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். கதேயின் 'ஃபவுஸ்ட்' நாடகத்தில் கிரெட்சென் என்று ஓர் ஏழைப் பெண் வருவாள். காதலித்த ஃபவுஸ்ட் கைவிட்டுப் போகிறான். பிறந்த குழந்தையைத் தண்ணீரில் மூழ்கடித்துக் கொன்றுவிட்டுச் சிறையில் தண்டனைக்காகக் காத்திருக்கிறாள். அந்தச் சிறைக் காட்சியைப் படித்துவிட்டு அன்று இரவு தூங்காமல் இருந்திருக்கிறேன். அதை எழுதிய அதே மனிதர், வைமார் அரசில் பதவியில் இருந்தபோது, சிசுக்கொலை செய்த பெண்களுக்கு மரண தண்டனை தொடரட்டும் என்று வாக்களித்தவர். இரண்டும் ஒரே கையால் நடந்தவை. புத்தகத்தில் படித்து எனக்குப் பிடிபடவில்லை. அவர் வாழ்ந்த இடங்களில் நடந்து பார்க்கலாம் என்று வந்தேன்.

வீட்டைப் பற்றி: இது வசதியான குடும்பம். அப்பா யோகான் காஸ்பர் சட்டம் படித்தவர், பேரரசரின் ஆலோசகர் என்ற பட்டம் பெற்றவர். அம்மாவின் அப்பா டெக்ஸ்டர் நகர நிர்வாகத்தின் மிக உயர்ந்த பதவியில் இருந்தவர். சமையலறையில் வீட்டுக்குள்ளேயே கைப்பம்பு இருக்கிறது. ஊரே பொதுக் கிணற்றுக்குக் குடம் தூக்கிக்கொண்டு போன காலத்தில் இந்த வீட்டில் நின்ற இடத்தில் தண்ணீர். அந்தப் பம்பின் இரும்புக் கைப்பிடியைப் பார்த்துக்கொண்டே கொஞ்ச நேரம் நின்றேன். அதை அடித்தது வேலைக்காரப் பெண்களாகத்தான் இருந்திருக்கும். மாடியில் பாட்டி பரிசாகக் கொடுத்த பொம்மலாட்ட மேடை, அப்பாவின் புத்தக அறை, மேல்தளத்தில் இளைஞன் கதே எழுதிய அறை. 'ஃபவுஸ்ட்'டின் முதல் காட்சிகள் பிறந்த இடம் அதுதான்.

இன்னொன்று. நாம் இன்று பார்க்கும் சுவர்கள் அந்தக் காலத்துச் சுவர்கள் கிடையாது. 1944 மார்ச் 22 அன்று விழுந்த குண்டுகளில் வீடு தரைமட்டமானது. கதே இறந்ததும் ஒரு மார்ச் 22-தான், 1832-இல். மேசை நாற்காலிகளையும் ஓவியங்களையும் முன்கூட்டியே வேறிடத்துக்கு அனுப்பி வைத்திருந்ததால் அவை தப்பின. 1947 முதல் 1951 வரை அதே இடத்தில் அதே மாதிரி கட்டினார்கள். அப்போது பெரிய விவாதம் நடந்திருக்கிறது. ஜெர்மனி செய்த காரியங்களின் விளைவாக இடிந்த வீடு இது, ஒன்றுமே நடக்காததுபோல் திரும்பக் கட்டுவது சரியில்லை என்று வால்டர் டிர்க்ஸ் போன்ற எழுத்தாளர்கள் எதிர்த்தார்கள். எனக்கு அவர்கள் வாதத்தில் நியாயம் தெரிகிறது. அதே நேரம், கட்டாமல் விட்டிருந்தால் அந்தச் சமையலறையில் நான் நின்றிருக்க முடியாது என்பதும் உண்மை.

ஞாயிறு, பிராங்க்பர்ட், வெட்ஸ்லார்

காலையில் ஹவுப்ட்வாகே சதுக்கம். கதே வீட்டிலிருந்து பொடிநடையாகப் போனால் சில நிமிடம். கீழே பாதாள ரயில் நிலையம், பக்கத்தில் கடைத்தெரு, நடுவில் பழைய காவல் மாளிகை இப்போது காபிக் கடை. ஞாயிற்றுக்கிழமை என்பதால் கடைகள் எல்லாம் மூடி, சதுக்கம் வெறிச்சோடிக் கிடந்தது.

சூசன்னா மார்கரேட்டா பிராண்ட் என்ற பெண்ணை 1772 ஜனவரி 14 அன்று இந்தப் பக்கத்தில்தான் வாளால் தலையை வெட்டினார்கள். அவள் ஒரு விடுதியில் வேலை செய்தவள். அந்த வழியாக வந்துபோன ஒரு கைவினைத் தொழிலாளியால் கர்ப்பமானாள். 1771 ஆகஸ்டில் யாருக்கும் தெரியாமல் குழந்தையைப் பெற்றுக் கொன்றுவிட்டாள். பிடித்து வந்து நகர வாயிலின் கோபுரத்தில் அடைத்தார்கள். அதே ஆகஸ்டில்தான் ஸ்ட்ராஸ்பர்கில் சட்டம் படித்து முடித்த 22 வயது கதே ஊருக்குத் திரும்பி வழக்கறிஞர் தொழிலைத் தொடங்குகிறார். அவள் விசாரணையும் அவர் தொழிலும் ஒரே சமயத்தில், கூப்பிடு தூரத்தில் நடக்கின்றன. வழக்கின் ஆவணங்களுக்கு எடுத்த நகல்கள் பின்னாளில் கதேயின் அப்பாவுடைய காகிதங்களில் கிடைத்தன. அந்த வீட்டில் இந்த வழக்கைப் பற்றிப் பேசாமல் இருந்திருக்கவே மாட்டார்கள்.

மார்கரேட்டா என்ற பெயரைச் செல்லமாகச் சுருக்கினால் கிரெட்சென். பெயரைக்கூட அவர் மாற்றவில்லை.

மதியம் ரயில் பிடித்து வெட்ஸ்லார் போய்வந்தேன். 1772 மே மாதம் பேரரசின் உயர்நீதிமன்றத்தில் பயிற்சிக்காகப் போன கதே, அங்கே சார்லோட்டே பஃப் என்ற பெண்ணிடம் மனதைப் பறிகொடுத்தார். அவளுக்கு ஏற்கெனவே கெஸ்ட்னர் என்பவரோடு நிச்சயமாகியிருந்தது. கதே செப்டம்பரில் சொல்லாமல் கொள்ளாமல் ஊரைவிட்டுக் கிளம்பினார். அடுத்த மாதமே யெரூசலேம் என்ற இளம் அதிகாரி, கெஸ்ட்னரிடம் கைத்துப்பாக்கிகளை இரவல் வாங்கிச் சுட்டுக்கொண்டு இறந்தார். இந்த இரண்டையும் சேர்த்து 1774-இல் வந்தது 'இளம் வெர்தரின் துயரங்கள்'. 25 வயதில் ஐரோப்பா முழுக்கப் பெயர். சார்லோட்டேயின் வீடு அருங்காட்சியகமாக இருக்கிறது, ஊர் அழகு. வெர்தர் ரசிகர்கள் ஒருநாள் தங்கலாம். எனக்கு மனம் முழுக்கக் காலையில் பார்த்த சதுக்கத்திலேயே இருந்தது.

திங்கள், வைமார்

எர்ஃபுர்ட் வரை விரைவு ரயில், அங்கிருந்து சின்ன ரயில். திங்கட்கிழமை பெரும்பாலான அருங்காட்சியகங்கள் மூடியிருக்கும், அதனால் பயணத்துக்கு இந்த நாளை ஒதுக்கினேன்.

1775 நவம்பர் 7 அன்று கதே இந்த ஊருக்கு வந்தபோது இங்கே சுமார் 6,000 பேர்தான். அரசர் கார்ல் ஆகஸ்டுக்கு வயது 18. வெர்தர் எழுதிய பிரபலத்தைப் பக்கத்தில் வைத்துக்கொள்ள ஆசைப்பட்டு அழைத்தார். விருந்தாளியாக வந்தவர் சாகும்வரை இங்கேயே இருந்துவிட்டார். அடுத்த ஆண்டே அரசரின் அந்தரங்க ஆலோசனைக் குழுவில் இடம். அப்புறம் சுரங்கம், சாலை, படை, நிதி என்று ஒவ்வொன்றாகத் தலையில் ஏறியது. படைச் செலவைக் குறைப்பதற்காக ஆள் எண்ணிக்கையை வெட்டியவர் அவர். சாலை போடும் கணக்கும் பார்த்தார். இதையெல்லாம் ஏதோ பொழுதுபோக்குபோல் சொல்லிவிட்டுப் போகும் வரலாறுகள் உண்டு. பத்தாண்டுக்கு மேல் அது முழுநேர வேலை. எழுதத் தொடங்கிய பெரிய படைப்புகள் பல அந்தக் காலத்தில் முடியாமல் கிடந்தன. 1786-இல் யாரிடமும் சொல்லாமல் இத்தாலிக்குக் கிளம்பிப் போனதற்கு அதுவும் ஒரு காரணம்.

நாடகக் கொட்டகை முன்னால் கதேயும் அவர் நண்பரான கவிஞர் ஷில்லரும் சேர்ந்து நிற்கும் புகழ்பெற்ற சிலை, 1857-இல் வைத்தது. இருவரையும் ஒரே உயரமாகச் செய்திருக்கிறார்கள். நிஜத்தில் ஷில்லர்தான் நல்ல உயரம். சாயங்காலம் இல்ம் ஆற்றங்கரைப் பூங்காவில் நடந்தேன். அரசர் 1776-இல் கொடுத்த தோட்ட வீடு புல்வெளிக்கு அந்தப் பக்கம் தெரிகிறது. சரிவான கூரை, வெள்ளைச் சுவர், சுற்றிலும் கதே போட்ட தோட்டம். ஆறு ஆண்டு அதில்தான் இருந்தார்.

செவ்வாய், ஃபிரவுன்பிளான்

நாள் முழுக்க ஒரே வீடு. கதே 1782 முதல், நடுவில் சில ஆண்டுகள் தவிர, சாகும்வரை இருந்த வீடு.

முன்பக்கம் முழுக்க விருந்தினருக்காக. அகலமான படிக்கட்டு இத்தாலிப் பயணத்தின் பாதிப்பில் அவரே வடிவமைத்தது. மேலே வாசற்படியில் 'சால்வே' என்று லத்தீனில் வரவேற்பு. அறைக்கு ஒரு நிறம்: மஞ்சள், நீலம், பச்சை. நிறங்கள் மனதை என்ன செய்யும் என்று ஆராய்ந்து 1810-இல் 'நிறக் கோட்பாடு' என்று பெரிய நூலே எழுதியவர். நியூட்டன் சொன்னது தவறு என்று அதில் வாதாடினார். ஒளியியலில் நியூட்டன்தான் சரி. ஆனால் கண் நிறத்தை எப்படி உணர்கிறது என்பது பற்றி கதே கவனித்துக் குறித்தவற்றுக்கு இன்றும் மதிப்பு இருக்கிறது. ஓர் அறையில் யூனோ தேவியின் பிரம்மாண்டமான வெள்ளைத் தலை, ரோமில் இருக்கும் சிலையின் அச்சு வார்ப்பு. தலை மட்டும்.

பின்பக்கம் போனால் வேறு வீடு. அவர் வேலை செய்த அறையில் சோபா கிடையாது, திரைச்சீலை அலங்காரம் கிடையாது. நடுவில் ஒரு மேசை, சுவரோரம் உயரமான மேசைகள், இழுப்பறைகள். அவர் நடந்துகொண்டே சொல்ல, எழுத்தர் உட்கார்ந்து எழுதுவார். ஒட்டினாற்போல் புத்தக அறை. மறுபக்கம் படுக்கையறை, ஒரு கட்டிலுக்கும் ஒரு சாய்வு நாற்காலிக்கும்தான் இடம். அந்த நாற்காலியில்தான் உயிர் போனது. வீட்டில் அவர் சேர்த்த கற்களும் கனிமங்களும் மட்டும் சுமார் 18,000. எல்லாவற்றுக்கும் சீட்டு ஒட்டி, இழுப்பறையில் வரிசையாக. பார்க்கப் பார்க்க ஒன்று புரிகிறது: எதையும் தூக்கி எறியாத மனிதர். ஒன்றை எடுத்தால் முப்பது நாற்பது ஆண்டு கூட வைத்துக்கொண்டிருப்பார்.

கிறிஸ்டியானே வுல்பியுஸ் பற்றிச் சொல்லாமல் இந்த வீட்டைவிட்டு வரக் கூடாது. துணிப் பூக்கள் செய்யும் தொழிற்கூடத்தில் வேலை பார்த்த பெண். 1788 ஜூலையில், இத்தாலியிலிருந்து திரும்பியிருந்த கதேயை நேற்று நான் நடந்த அதே பூங்காவில் பார்த்தார், அண்ணனுக்கு உதவி கேட்டு ஒரு மனுவோடு. அடுத்த ஆண்டு டிசம்பர் 25 அன்று மகன் பிறந்தான். கல்யாணம் ஆகவில்லை. ஊர் வாய் சும்மா இருக்குமா? குடும்பம் சில ஆண்டு ஊருக்கு வெளியே வேறு வீட்டுக்கு மாற வேண்டியிருந்தது. பிறந்த ஐந்து குழந்தைகளில் மூத்தவன் ஆகஸ்ட் மட்டுமே பிழைத்தான். 1806 அக்டோபரில், யேனா போருக்குப் பிறகு, நெப்போலியனின் சிப்பாய்கள் இந்த வீட்டுக்குள் புகுந்தபோது கதேயைக் காப்பாற்றி நின்றது கிறிஸ்டியானேதான். சில நாளிலேயே, அக்டோபர் 19 அன்று, கதே அவரைத் திருமணம் செய்துகொண்டார். 18 ஆண்டு கழித்து.

மணமாகாத தாய் ஒருத்திக்கு ஒரு பெரிய மனிதரின் வீடு கிடைத்தது. இதே ஊரில் இன்னொருத்திக்கு அது கிடைக்கவில்லை. நாளை அவளைப் பற்றி.

புதன், வைமார்

யோகான்னா காத்தரினா ஹோன். வேலைக்காரப் பெண், மணமாகாதவள். 1783 ஏப்ரலில் பிறந்த தன் குழந்தையைக் கொன்றாள். சட்டப்படி மரண தண்டனை.

அரசர் கார்ல் ஆகஸ்டுக்கு இதில் தயக்கம் இருந்தது. இப்படிப்பட்ட பெண்களைக் கொல்வதற்குப் பதிலாக ஆயுள் முழுக்கச் சிறையும் ஊரறிய அவமான தண்டனையும் கொடுத்தால் என்ன என்று தன் ஆலோசகர்களிடம் கேட்டார். ஃபிரிட்ஷ், ஷ்னவுஸ் இருவரும் மரண தண்டனையே இருக்கட்டும் என்றார்கள். மூன்றாவது ஆள் கதே. 1783 நவம்பர் 4 அன்று சில வரிகளில் எழுதிக் கொடுத்தார்: தானும் அதோடு உடன்படுவதாக. நவம்பர் 28 அன்று ஹோனின் தலையை வாளால் வெட்டினார்கள்.

கதேக்காகப் பேசுகிறவர்கள் சொல்வதையும் சொல்ல வேண்டும். கேட்கப்பட்டது பொதுவான சட்டக் கேள்வி. இந்தப் பெண்ணுக்கு மன்னிப்பு கொடுக்கலாமா என்று அவரிடம் கேட்கவில்லை, முடிவெடுத்தது அரசர். அந்தக் காலத்து ஐரோப்பாவில் பெரும்பாலான சட்ட நிபுணர்கள் அப்படித்தான் நினைத்தார்கள். ஆயுள் முழுக்க அவமானப்பட்டுக் கிடப்பது சாவைவிடக் கொடுமை என்று கருதியவர்களும் இருந்தார்கள். எல்லாம் சரி. ஆனால் அரசரே தயங்கி நின்ற ஒரு தருணத்தில், கிரெட்செனைப் படைத்தவரின் வாக்கு எந்தப் பக்கம் விழுந்தது என்பதுதான் எனக்குத் தொண்டையில் நிற்கிறது. 'மனிதன் மேன்மையுள்ளவனாக, உதவுகிறவனாக, நல்லவனாக இருக்கட்டும்' என்று தொடங்கும் அவருடைய புகழ்பெற்ற கவிதையும் அதே 1783-இல் எழுதியது.

இப்போது 'ஃபவுஸ்ட்'டுக்கு வருகிறேன். இது பலருக்கும் தெரியாத கதை, அதனால் நிதானமாகச் சொல்கிறேன்.

வைமார் வந்த புதிதில் கதே அரண்மனை வட்டாரத்தில் தன் கையெழுத்துப் பிரதியைப் படித்துக் காட்டினார். லூயிசே ஃபான் கோஹ்ஹவுசன் என்ற அரண்மனைப் பெண்மணி அதைப் படியெடுத்து வைத்தார். கதே தன் மூலப்பிரதியை அழித்துவிட்டார். நூறு ஆண்டுக்கு மேல் கழித்து, 1887-இல், அந்தப் படி கண்டெடுக்கப்பட்டது. அதைத்தான் 'ஊர்ஃபவுஸ்ட்', அதாவது மூல ஃபவுஸ்ட் என்கிறார்கள். அதில் சிறைக் காட்சி உரைநடையில், அடிவயிற்றைப் பிசைகிற மாதிரி இருக்கிறது. கடைசியில் சாத்தான் மெஃபிஸ்டோ சொல்கிறான்: "அவளுக்குத் தீர்ப்பாகிவிட்டது." அவ்வளவுதான். மேலிருந்து யாரும் பதில் சொல்லவில்லை.

1790-இல் முதன்முறையாக 'ஃபவுஸ்ட்: ஒரு துண்டு' என்று அச்சில் கொடுத்தார். அதில் சிறைக் காட்சியே இல்லை. தேவாலயத்தில் கிரெட்சென் மயங்கி விழுவதோடு நிற்கிறது. கையில் இருந்த, எழுதி முடித்த காட்சியை ஏன் வெளியிடவில்லை? 1798-இல் ஷில்லருக்கு எழுதிய கடிதத்தில், உரைநடையில் இருக்கும் சில சோகக் காட்சிகளின் இயல்பும் வலுவும் தாங்க முடியாதபடி இருக்கின்றன, அதனால் அவற்றைச் செய்யுளாக மாற்றுகிறேன் என்கிறார். ஆய்வாளர்கள் இதை நடை சம்பந்தப்பட்டதாகவே படிக்கிறார்கள். நான் அத்தோடு நிறுத்தமாட்டேன். அந்த உரைநடையை எழுதியபோது அவர் வழக்கறிஞர். 1790-இல் அதைத் திரும்பப் படித்தபோது ஹோனுக்கு எதிராக எழுதிக் கொடுத்த கை அவருடையது.

1808-இல் முதல் பாகம் முழுசாக வந்தது. சிறைக் காட்சி இருக்கிறது, செய்யுளில். மெஃபிஸ்டோ அதே வாக்கியத்தைச் சொல்கிறான். உடனே மேலிருந்து ஒரு குரல்: "காப்பாற்றப்பட்டாள்!" 1775-இல் இல்லாத அந்தக் குரல் 1808-இல் வருகிறது. நடுவில்தான் 1783 இருக்கிறது. இரண்டாம் பாகத்தை முடிக்க 1831 வரை ஆனது. அதன் முடிவில் ஃபவுஸ்டுக்காக வானத்தில் பரிந்து பேசுகிறவள் அதே கிரெட்சென். உயிரோடு இருந்தபோது தனக்காகப் பேச ஒருவர்கூட இல்லாதவள். பிரதியைக் கட்டி முத்திரை வைத்து, தான் இறந்த பிறகுதான் வெளிவர வேண்டும் என்றார்.

இதை எல்லாம் அன்னா அமாலியா நூலகத்தின் வாசலில் உட்கார்ந்து எழுதிக்கொண்டிருக்கிறேன். கதே பல ஆண்டு மேற்பார்வை பார்த்த நூலகம். 2004 செப்டம்பர் 2 அன்று தீப்பிடித்து சுமார் 50,000 நூல்கள் எரிந்துபோயின. 2007-இல் திரும்பத் திறந்தார்கள். வெள்ளையும் பொன்னும் கலந்த அந்த முட்டை வடிவக் கூடத்துக்குள் போனால் பேச்சு வராது. டிக்கெட்டை முன்கூட்டியே எடுத்துவிடுங்கள், உள்ளே அனுப்பும் ஆள் எண்ணிக்கைக்கு வரம்பு உண்டு.

வியாழன், புகன்வால்ட்

வைமார் ரயில் நிலையத்திலிருந்து பேருந்து. எட்டர்ஸ்பர்க் குன்றின் மேல் கொஞ்ச நேரத்தில் கொண்டுபோய் விட்டுவிடுகிறது. கதே நண்பர்களோடு உலாப் போன காடு இது. 1937-இல் நாஜிகள் இங்கே முகாம் கட்டினார்கள். 1945 வரை சுமார் 56,000 பேர் இதில் இறந்தார்கள்.

முகாமுக்காகக் காட்டை வெட்டியபோது ஒரே ஓர் ஓக் மரத்தை மட்டும் விட்டுவைத்தார்கள். கைதிகள் அதை கதே மரம் என்று அழைத்தார்கள். 1944 ஆகஸ்ட் 24 குண்டுவீச்சில் அது எரிந்தது. அடிக்கட்டை இன்னும் இருக்கிறது, சுற்றிலும் சரளைக்கல் பரப்பு. யாரோ அதன் மேல் சின்னச் சின்னக் கற்களை வைத்திருந்தார்கள்.

இன்று இதற்கு மேல் எழுத மனம் வரவில்லை.

வெள்ளி, இல்மனாவ்

இல்மனாவ் தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்தில் படிக்கும் ஒரு தம்பி, குடியாத்தத்துக்காரர், நான் எழுதுவதைப் படித்துவிட்டு "அக்கா, கிக்கெல்ஹான் மலைக்கு நானும் வர்றேன், தனியா ஏறாதீங்க" என்று செய்தி அனுப்பியிருந்தார். நிலையத்திலேயே காத்திருந்தார். காலையிலேயே ரொட்டியில் வைத்துச் சுட்ட உருளைக்கிழங்குப் பொட்டலம் ஒன்றைக் கையில் திணித்தார்.

இல்மனாவ் கதேயின் வேலையிடம். மூடிக் கிடந்த செம்பு, வெள்ளிச் சுரங்கத்தைத் திரும்பத் திறந்து ஊரை நிமிர்த்தப் பார்த்தார். 1784 பிப்ரவரியில் திறந்தார்கள். 1796-இல் தண்ணீர் புகுந்து எல்லாம் போச்சு. பத்துப் பன்னிரண்டு ஆண்டு உழைப்பு.

மலை 861 மீட்டர். பாதை நெடுக 'g' வடிவக் குறி, அதைப் பிடித்துக்கொண்டே போகலாம். ஸ்ப்ரூஸ் மரங்கள் பல இடங்களில் பட்டுப்போய் நிற்கின்றன, வறட்சியும் பட்டை வண்டும் சேர்ந்து துரிங்கியா காட்டையே அரித்துக்கொண்டிருக்கின்றன. உச்சிக்குக் கொஞ்சம் கீழே மரக் குடில். 1780 செப்டம்பர் 6 இரவு இதன் சுவரில்தான் கதே பென்சிலால் எட்டு வரி எழுதினார். மலைமுகடுகளில் அமைதி, மரங்களில் மூச்சு அளவுக்குக்கூடக் காற்றில்லை, பறவைகள் பேச்சை நிறுத்திவிட்டன, பொறு, சீக்கிரமே நீயும் ஓய்வாய். ஜெர்மன் குழந்தைகள்கூட மனப்பாடமாகச் சொல்லும் கவிதை. 1831 ஆகஸ்ட் 27, தன் 82-ஆவது பிறந்தநாளுக்கு முந்தைய நாள், சுரங்க அதிகாரி மாருடன் இங்கே ஏறி வந்து தன் பழைய எழுத்தைப் படித்து அழுதார். பழைய குடில் 1870-இல் தீயில் போய்விட்டது. இப்போது இருப்பது 1874-இல் கட்டியது.

குடில் பெஞ்சில் உட்கார்ந்து பொட்டலத்தைப் பிரித்தோம். தம்பி கேட்டார், "குடியாத்தம்னு சொன்னதும் உங்களுக்கு ஏன் முகம் மாறிச்சு?"

நான் காத்திருந்த கேள்வி. குடியாத்தத்தில் வைகாசி மாதம் கெங்கையம்மன் சிரசுத் திருவிழா. அம்மனின் தலையை ஊரே கூடி ஊர்வலமாகக் கொண்டுவந்து உடலில் பொருத்துவார்கள். ரேணுகா கதைதான் அதன் வேர். கற்பின் வலிமையால் ஆற்று மணலிலேயே குடம் செய்து தண்ணீர் கொண்டுவந்தவள், ஒரு நொடி மனம் சலித்ததற்காகத் தலை வெட்டப்படுகிறாள். உயிர்ப்பிக்கும்போது அவள் தலை, ஒடுக்கப்பட்ட சாதிப் பெண் ஒருத்தியின் உடலோடு சேர்ந்துவிடுகிறது. நம் வட ஆற்காட்டுப் பக்கம் இதைத் தெருக்கூத்திலும் பார்க்கலாம், படவேட்டிலும் கேட்கலாம்.

பியர் சொன்னேரா என்ற பிரெஞ்சுக்காரர் புதுச்சேரிப் பக்கம் இருந்து இந்தக் கதைகளைச் சேகரித்து, 1782-இல் பாரிசில் நூலாக வெளியிட்டார். அதில் மாரியம்மன் 'மாரியாத்தாள்' என்ற பெயரில் வருகிறாள். அடுத்த ஆண்டே ஜெர்மனில் வந்துவிட்டது. கதே அதைப் படித்தார். 'கடவுளும் தேவதாசியும்' என்ற கவிதை அந்த நூலிலிருந்து 1797-இல் பிறந்தது. ரேணுகா கதையை 'பரியா' என்ற மூன்று கவிதைகளாக எழுதி 1824-இல் வெளியிட்டார்.

தம்பி கையில் இருந்த உருளைக்கிழங்கைக் கீழே வைத்துவிட்டார். "நம்ம கெங்கையம்மன் கதையையா?"

நம் கதைதான், ஆனால் சில இடங்களை மாற்றியிருக்கிறார். நம்மிடம் மகன் வெட்டுவான், தகப்பன் சொல் தட்டாமல். கதேயிடம் கணவனே கொலைக்களத்துக்கு இழுத்துப்போய் வெட்டுகிறான், விசாரணை கிடையாது. மகன் வாளைப் பார்க்கிறான், ரத்தம் உறையவே இல்லை. குற்றவாளியின் ரத்தம் உறைந்துவிடும், இது உறையவில்லை, அப்படியானால் அவள் குற்றமற்றவள். அந்தக் களத்தில் தண்டிக்கப்பட்ட இன்னொரு பெண்ணின் உடலும் கிடக்கிறது. அவசரத்தில் மகன் தாயின் தலையை அதில் பொருத்திவிடுகிறான். எழுந்து நிற்பவள் பிராமணத் தலையும் தண்டிக்கப்பட்டவளின் உடலுமாக, தீண்டாமைக்கு ஆளான மக்களுக்காகப் பிரம்மனிடம் போய்ப் பரிந்து பேசவும் கோபித்துக் கேட்கவும் உரிமை பெற்ற தெய்வமாகிறாள்.

இதைப் பற்றி 1823 நவம்பரில் கதே தன் உதவியாளர் எக்கர்மனிடம் சொன்னது பதிவாகியிருக்கிறது: இந்தக் கருவை நாற்பது ஆண்டு கூடவே சுமந்திருக்கிறேன்.

தம்பி விரல் விட்டு எண்ணினார். "1783."

ஆமாம், 1783. சொன்னேரா நூல் ஜெர்மனில் வந்த ஆண்டு. அதே ஆண்டு நவம்பரில் ஹோனின் கழுத்துக்கு வாள் வந்தது. கதே நாற்பது என்று சொன்னது ஒரு முழு எண்ணாக இருக்கலாம், இரண்டையும் அவர் எங்கேயும் சேர்த்துப் பேசவும் இல்லை. முடிச்சுப் போடுவது நான்தான். ஆனால் கிரெட்செனுக்கு மேலிருந்து ஒரு குரலைச் சேர்த்தவர், மாரியம்மன் கதையில் வெட்டிய வாளையே சாட்சி சொல்ல வைத்தவர், இதெல்லாம் எழுதும்போது அந்த நவம்பரை நினைக்காமல் இருந்தார் என்று என்னால் நம்ப முடியவில்லை.

"சரி அக்கா, நாற்பது வருஷம் கழிச்சு கவிதை எழுதினா அந்தப் பொண்ணுக்கு என்ன ஆச்சு?"

"ஒண்ணும் ஆகல."

"அப்போ மன்னிச்சுடலாம்னு சொல்றீங்களா?"

இல்லை, மன்னிக்கிற இடத்தில் நான் இல்லை, அந்த உரிமை ஹோனுக்கு மட்டும்தான் என்றேன். ஆனால் வாக்கைக் காரணம் காட்டி கவிதையைத் தள்ளிவைக்கவும், கவிதையைக் காட்டி வாக்கை மறைக்கவும் நான் சம்மதிக்கமாட்டேன். தம்பி ஒத்துக்கொள்ளவில்லை. கையில் அதிகாரம் இருந்தபோது செய்யாததைப் பேனாவில் செய்வது பெரிய விஷயமில்லை என்பது அவர் கட்சி. இறங்கும் வழி முழுக்க அதே பேச்சுதான். ஊருக்குப் போனதும் 'பரியா'வைத் தமிழில் சொல்லிப் பார்த்து அனுப்புகிறேன் என்றிருக்கிறேன். அவர் இந்த வைகாசிக்குக் குடியாத்தம் போகிறார், சிரசு பார்த்துவிட்டு மீதி விவாதத்தைத் தொடரலாம் என்றார்.